உப்புமா ரவையும் ஓர் அமெரிக்க ஆற்றங்கரையும்
மில்லுக்கார அண்ணாச்சி பதில்கள்

போன இதழில் மகள் வீட்டுக்குப் போய் வந்த கதையை எழுதும்போது, “மினியாபொலிஸில் மிசிசிப்பி ஆற்றங்கரையில் ஒரு பழைய மாவு மில்லைப் பார்த்தேன், நம் ரவா உப்புமாவுக்கும் அந்தக் கரைக்கும் உறவு உண்டு” என்று ஒரு வரி போட்டுவிட்டு வேறு எங்கோ போய்விட்டேன். வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டுதான். சரி, இந்த இதழ் முழுக்க அதுவே இருக்கட்டும். கோதுமை மாவில் வண்டு விழுகிறது என்று எழுதிய வத்தலக்குண்டு வாசகி அடுத்த இதழ் வரை மாவை வெயிலில் காயவைக்கவும்.

உப்புமாவுக்கும் அமெரிக்காவுக்கும் உறவா? மொட்டைத் தலைக்கும் முழங்காலுக்கும் முடிச்சுப் போடுகிறீர்களே அண்ணாச்சி?
– கோவில்பட்டி வாசகி

முடிச்சு நான் போட்டதில்லை தாயி, 1871இல் ஒரு பிரெஞ்சுக்காரர் போட்டது.

உங்கள் தெரு மாவு மில்லில் கோதுமையைக் கொட்டினால் தவிடு, முளை, உள்மாவு எல்லாம் சேர்ந்து அரைபட்டு விழுகிறது. சப்பாத்திக்கு அது போதும். ரொட்டி சுடுகிறவர்களுக்கு அந்தக் காலத்தில் வெள்ளை மாவுதான் வேண்டும். தவிட்டைப் பிரித்தாக வேண்டும். இலையுதிர் காலத்தில் விதைத்து மறு கோடையில் அறுக்கிற கோதுமையில் இது சுலபம். தவிடு கொஞ்சம் வளைந்து கொடுக்கும், கல்லுக்கு நடுவே போனால் அகலமான செதிலாக உரிந்து வரும், சலித்து எறிந்துவிடலாம். ஆனால் மினியாபொலிஸ் இருக்கிற மினசோட்டா மாநிலத்தின் குளிரில் அப்படி விதைத்த பயிர் பிழைக்காது. பனி உருகிய பிறகு வசந்தத்தில்தான் விதைப்பார்கள். அந்தக் கோதுமை கெட்டி, தவிடோ மெல்லிசு, மொறுமொறுப்பு. கல்லில் போட்டதும் பொடிப்பொடியாக நொறுங்கி மாவோடு கலந்துவிடும். மாவு அழுக்கு நிறமாகும், விலையும் குறையும்.

ஆக ஊரில் அருவி இருக்கிறது, அருவியால் மில்லை ஓட்டலாம். கண்ணுக்கெட்டிய தூரம் கோதுமை இருக்கிறது. ஆனால் மாவு மட்டும் இரண்டாம் தரம். 1866இல் கேட்வாலடர் வாஷ்பர்ன் என்பவர் அங்கே பெரிய மில் ஒன்றைக் கட்டியபோது, ‘வாஷ்பர்னின் பைத்தியக்காரத்தனம்’ என்றே ஊர் அதற்குப் பெயர் வைத்துவிட்டது. இவ்வளவு மாவை எவன் வாங்குவான் என்பதுதான் கேள்வி.

அதற்கு விடை கொண்டுவந்தவர் எட்மண்ட் லா க்ருவா என்ற பிரெஞ்சு மில்காரர். கல்லை நெருக்கி ஒரே அடியாக அரைக்காதே, இடைவெளி விட்டு உடை என்பது முறை. அப்படி உடைத்தால் மாவும் இல்லாமல் தவிடும் இல்லாமல் நடுவில் குறுணையாக ஒன்று விழும். கோதுமையின் சத்தும் ஒட்டும் தன்மையும் நிறைந்த பகுதி அதுதான். அதைத்தான் நாம் ரவை என்கிறோம். பிரச்சினை என்னவென்றால் ரவையோடு தவிட்டுச் செதிலும் அதே அளவில் கலந்து கிடக்கும். சல்லடைக்கு இரண்டும் ஒன்று.

உங்கள் ஆச்சி என்ன செய்வார்கள்? முறத்தில் போட்டுப் புடைத்துக் கொழிப்பார்கள். கனத்தது தங்கும், லேசானது காற்றில் போகும். லா க்ருவா அந்த முறத்தை ஒரு பெட்டிக்குள் அடைத்தார். சரிவாகக் கட்டிய சல்லடைத் துணி ஆடிக்கொண்டே இருக்கும், கீழிருந்து காற்று மேலே ஊதும். தவிடு காற்றில் எழும்பிப் போய்விடும், ரவை துணி வழியே இறங்கும். அந்தச் சுத்தமான ரவையை மறுபடி அரைத்தால் பளிச்சென்ற வெள்ளை மாவு. அதுவரை மட்டம் என்று ஒதுக்கிய கோதுமைதான் அப்புறம் ரொட்டிக்கு உயர்ந்த கோதுமை என்று ஆகிவிட்டது.

நான் 31 வருடம் வேலை பார்த்த ரோலர் மில்லில் மேல் மாடிகளில் ஒன்றில் இதே பெட்டிதான் வரிசையாக நிற்கும். பியூரிஃபையர் என்போம். பக்கவாட்டில் கண்ணாடி இருக்கும். உள்ளே ரவை துணிமேல் தண்ணீர் மாதிரி நெளிந்து நெளிந்து போவதைப் பார்த்துக்கொண்டே நிற்கலாம், எனக்கு ஒருநாளும் சலித்ததில்லை. கீழே குழாயில் உள்ளங்கையை நீட்டி ஒரு பிடி வாங்கி, கட்டைவிரலால் பரத்திப் பார்ப்போம். பழுப்புப் புள்ளி நாலு தெரிந்தால் காற்றைக் கொஞ்சம் கூட்டு என்று அர்த்தம். மாவுக்கு வேறு சோதனை. சின்னப் பலகையில் மாவை அழுத்தித் தேய்த்து, சாய்வாகத் தண்ணீரில் முக்கி எடுப்போம். காய்ந்து கிடக்கையில் ஒளிந்திருந்த தவிடெல்லாம் நனைந்ததும் மூக்குத்திப் பொட்டு மாதிரி தெரிந்துவிடும்.

நீங்கள் கடையில் வாங்கும் ரவை பெரிய மில்லில் இருந்து வந்ததென்றால், லா க்ருவாவின் பெட்டியினுடைய பேரப்பிள்ளை ஒன்றைத் தாண்டித்தான் வந்திருக்கும்.

தெருமுனையில் மாவு மில் வைத்திருக்கிறேன். அங்கே மாவு வெடித்து ஆட்கள் செத்தார்கள் என்று என் பையன் எங்கோ கேட்டுவந்து பயமுறுத்துகிறான். மாவு எங்காவது வெடிக்குமா?
– அருப்புக்கோட்டை வாசகர்

பையன் சொன்னது நிஜம்.

காற்றை ஊதித் தவிட்டைப் பிரித்தார்கள் என்று மேலே சொன்னேன் அல்லவா? அந்தக் காற்று தூசியைச் சுமந்துகொண்டு எங்கேயாவது போக வேண்டுமே. அன்றைக்கு அது மில்லுக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருந்தது. ஊருக்கு வாழ்வு கொடுத்த பெட்டியே மில் முழுக்கத் தூசியையும் நிரப்பியது.

வாஷ்பர்ன் 1874இல் ‘ஏ’ மில் என்று இன்னும் பெரிதாக ஒன்றைக் கட்டினார், ஏழு மாடிக்கு மேல். 1878 மே 2, மாலை. பகல் ஷிஃப்டில் இருந்த சுமார் 200 பேர் ஆறு மணிக்கு வீட்டுக்குப் போய்விட்டார்கள். ராத்திரி ஷிஃப்டுக்கு 14 பேர் உள்ளே வந்தார்கள். ஏழு மணி வாக்கில் மில் வெடித்தது. கூரை வானத்துக்குப் போனது, கல் சுவர்கள் நாலா பக்கமும் பறந்தன. பக்கத்தில் இருந்த மில்கள் அடுத்தடுத்து வெடித்தன, இன்னும் சில தீப்பிடித்தன. 14 பேரில் ஒருவர்கூட மிஞ்சவில்லை. பக்கத்து மில்களில் 4 பேர். மொத்தம் 18. பத்து மைல் தள்ளி செயின்ட் பால் நகரத்தில் சத்தம் கேட்டதாம்.

வெடிமருந்து ஏதாவது வைத்திருந்தார்களா என்றுதான் முதலில் கேள்வி எழுந்தது. மினசோட்டா பல்கலைக்கழகப் பேராசிரியர்கள் பெக்கும் பெக்கமும் மாவுத் தூசியைத் தூவித் தீயைக் காட்டி வெடிக்கவைத்து, விசாரணைக்காரர்களுக்கு நிரூபித்தார்கள். இடையில் கோதுமை இல்லாமல் வெறுமனே சுற்றிய அரவைக் கற்கள் உரசித் தீப்பொறி பறந்திருக்க வேண்டும் என்பதுதான் காரணமாகச் சொல்லப்பட்டது.

நம் ஊர்த் திருவிழாவில் சாமியாடி முன்னால் தீவட்டி பிடிப்பவர் குங்கிலியப் பொடியைச் சுடரில் வீசுவார், பார்த்திருப்பீர்கள். குப்பென்று தீ ஆளுயரம் எழும். அதே குங்கிலியத்தைக் கட்டியாகச் சட்டியில் போட்டால் புகைந்துகொண்டுதான் கிடக்கும். மாவும் அப்படித்தான். மூட்டையில் கிடக்கும் மாவில் தீக்குச்சியைச் செருகினால் குச்சிதான் அணையும். காற்றில் பறக்கும் மாவில் ஒவ்வொரு துகளைச் சுற்றியும் காற்று இருக்கிறது. ஒன்று பற்றினால் எல்லாம் பற்றும். பற்றுகிற இடம் மூடிய அறை என்றால் சுவர் தாங்காது.

எனக்கே ஒரு அனுபவம் உண்டு. எங்கள் மில்லின் பெயர் வேண்டாம். 1987 என்று நினைவு. சரக்கை மேலே தூக்கும் வாளிச் சங்கிலி ஓடுகிற தகரக் குழாயில் ஓட்டை விழுந்தது. ஞாயிற்றுக்கிழமை, மில் நின்றிருக்கிறது, இன்றைக்கே வெல்டிங் வைத்துவிடு என்றார்கள். குழாயைத் திறந்து சுத்தம் செய்துவிட்டு ஆரம்பிக்கலாம் என்று நான் சொன்னதற்கு, அரை நாள் வீணாகும் என்று பதில் வந்தது. நானும் அதற்கு மேல் பேசவில்லை, அது என் தப்பு. முதல் பொறி விழுந்ததும் உள்ளே பெருமூச்சு விட்டது மாதிரி ஒரு ‘உஸ்’. அவ்வளவுதான். மஞ்சள் நாக்கு ஒன்று ஓட்டை வழியாக வெளியே வந்து என் முகத்தைத் தடவிவிட்டுப் போனது. வெல்டர் தம்பிக்குக் கையில் கொப்புளம், எனக்கு இரண்டு புருவமும் காலி. அது திரும்ப முளைக்க இரண்டு மாதம். அதைச் சொல்லி வீட்டில் இன்னும் கேலி.

உங்கள் தெரு மில் ஒரு ஷட்டர் அறை, முன்பக்கம் திறந்தே கிடக்கும். வாஷ்பர்ன் மில் மாதிரி ஆகாது, பயப்பட வேண்டாம். ஆனால் உத்தரத்திலும் ஃபேன் இறக்கையிலும் படிந்திருக்கிற தூசியைப் பெருக்கி எடுங்கள், ஊதுகுழலை வைத்து ஊதிப் பறக்கவிடாதீர்கள். பெல்ட் வழுக்கிச் சூடேறினால் நிறுத்திச் சரிசெய்யுங்கள். தானியம் விழுகிற தொட்டியில் ஒரு காந்தம் வையுங்கள், ஆணி உள்ளே போகாது. வாசலில் உட்கார்ந்து பீடி குடிக்கும் நண்பரை டீக்கடைப் பக்கம் அனுப்புங்கள்.

ஹங்கேரிக்குப் போய்த் திருட்டுத்தனமாக மெஷின் ரகசியம் எடுத்து வந்தார்களாமே, அதுவும் இந்த மில்தானா?
– பாளையங்கோட்டை கல்லூரி மாணவர்

இந்த மில்தான். வெடிவிபத்துக்குப் பிறகு, மாவுத் தூசியை உறிஞ்சிப் பிடிக்கும் கருவி விற்க ஒரு பொறியாளர் மினியாபொலிஸுக்கு வந்தார். பெயர் வில்லியம் டி லா பார், வியன்னாவில் பிறந்தவர். எரிந்த வீட்டில் தண்ணீர் வாளி விற்ற கதை. வாஷ்பர்ன் அவரையே வேலைக்கு வைத்துக்கொண்டு ஐரோப்பாவுக்கு அனுப்பினார். ஹங்கேரியின் தலைநகரான புடாபெஸ்ட் மில்களில் கல்லுக்குப் பதில் உருளைகளால் அரைக்கிறார்கள், அதை அறிந்து வா என்று.

வந்தவர் போனவருக்கெல்லாம் மில்லைத் திறந்து காட்டுவார்களா? தொழிலாளியாகச் சேர்ந்து ராத்திரி வேலை பார்த்து, கண்ணில் பட்டதை வரைந்து எடுத்து வந்தார் என்று அங்கே சொல்கிறார்கள். அந்தக் கதையைச் சொல்லும்போது யாருக்கும் வெட்கமே இல்லை, பெருமைதான். ஜெயித்தவன் திருடினால் அது சாமர்த்தியம்.

உருளையின் லாபம் கல்லோடு பழகியவர்களுக்குத்தான் முழுதாகப் புரியும். ‘அம்மி கொத்தலையோ, ஆட்டுக்கல் கொத்தலையோ’ என்று தெருவில் வருவார்களே, அரவைக் கல்லுக்கும் அப்படி அடிக்கடி பள்ளம் கொத்த வேண்டும். அதற்கென்றே ஆட்கள், அதற்காக மில் நிற்கும் நேரம். இரும்பு உருளைக்கு அந்தத் தொல்லை மிகக் குறைவு. வரி வெட்டிய இரண்டு உருளை, ஒன்று வேகமாக ஓடும், ஒன்று மெதுவாக. நடுவில் போகும் கோதுமையை நசுக்காது, கிழித்துத் திறக்கும். அடுத்த ஜோடி இன்னும் நெருக்கம், அதற்கடுத்தது இன்னும் நெருக்கம். படிப்படியாக உரித்து எடுப்பது. அதே இடத்தில் 1880இல் மறுபடி எழும்பிய ‘ஏ’ மில்லில் உருளையும் வந்தது, தூசி பிடிக்கும் கருவியும் வந்தது. அந்த மில் முழு ஓட்டத்தில் இருந்தபோது ஒரு நாள் மாவில் 1 கோடியே 20 லட்சம் ரொட்டி சுடலாம் என்று கணக்கு.

கடையில் பில்ஸ்பரி ஆட்டா வாங்குகிறோம். அதுவும் அந்த ஊர்ச் சரக்கா?
– திண்டுக்கல் வாசகி

கோதுமை நம் நாட்டுக் கோதுமைதான். பெயர் அந்த ஊர்ப் பெயர். மேற்குக் கரையில் வாஷ்பர்ன், கிழக்குக் கரையில் பில்ஸ்பரி. ஆற்றுக்கு அந்தப்பக்கமும் இந்தப்பக்கமும் உட்கார்ந்து ஐம்பது வருடம் மல்லுக்கட்டினார்கள். சார்லஸ் பில்ஸ்பரி 1869இல் மில் தொழிலுக்கு வந்தார். 1881இல் அவர்கள் கட்டியதும் ‘ஏ’ மில்தான், உலகத்தின் மிகப் பெரிய மாவு மில் என்று நாற்பது வருடம் பெயர் வாங்கியது.

வாஷ்பர்ன் கம்பெனி 1880இல் சின்சினாட்டி கண்காட்சியில் தங்கப் பதக்கம் வாங்கி, மாவுக்கே ‘கோல்ட் மெடல்’ என்று பெயர் வைத்தது. ‘கடைசியில் இதற்குத்தான் வரப்போகிறீர்கள், இப்போதே வந்தால் என்ன?’ என்கிற பொருளில் விளம்பரம் போட்டது. ‘ஏனென்றால் பில்ஸ்பரிதான் உசத்தி’ என்று எதிர்க்கரையிலிருந்து பதில் விளம்பரம். நம் ஊர்ச் சுவர் எழுத்துச் சண்டை கெட்டது போங்கள்.

இந்தச் சண்டை முடிந்த விதம்தான் வேடிக்கை. வாஷ்பர்ன் கம்பெனி 1928இல் ஜெனரல் மில்ஸ் ஆனது. 2001இல் அந்த ஜெனரல் மில்ஸே பில்ஸ்பரியை வாங்கிவிட்டது. நீங்கள் வாங்கும் பாக்கெட்டில் எதிராளியின் பெயரைப் போட்டு விற்பவர் வாஷ்பர்னின் வாரிசு. கரையில் மட்டும் இரண்டு பெயர்ப்பலகையும் ராத்திரியில் இன்னும் ஒன்றையொன்று முறைத்துக்கொண்டு எரிகின்றன.

அண்ணாச்சி, நீங்கள் நிஜமான ஆளா, இல்லை ஆசிரியர் குழுவே உங்கள் பெயரில் எழுதுகிறதா?
– சேலம் வாசகர்

புருவத்தை வந்து தொட்டுப் பாருங்கள். ஆனால் இந்தச் சந்தேகத்துக்கு அதே மில்லில் ஒரு முன்னுதாரணம் இருக்கிறது. 1921இல் வாஷ்பர்ன் கம்பெனி ஒரு புதிர்ப் போட்டி வைத்தது. புதிருக்கு விடை எழுதியவர்கள் கூடவே ‘என் கேக் ஏன் அமுங்கிப் போகிறது’ என்ற மாதிரிக் கேள்விகளையும் எழுதி அனுப்பினார்கள். சமையல் கேள்விக்கு ஆண் பிள்ளை கையெழுத்துப் போட்டால் எடுபடுமா என்று யோசித்து, ஓய்வுபெற்ற இயக்குநர் ஒருவரின் குடும்பப் பெயரான குரோக்கரை எடுத்து, முன்னால் பெட்டி (Betty) என்ற பெண் பெயரைச் சேர்த்து, ‘பெட்டி குரோக்கர்’ என்ற அம்மாளை உண்டாக்கினார்கள். கம்பெனியில் வேலை பார்த்த பெண்களுக்குள் போட்டி வைத்துக் கையெழுத்தையும் தேர்ந்தெடுத்தார்கள். இல்லாத அந்த அம்மாள் வானொலியில் பேசினார், லட்சக்கணக்கான பெண்கள் நம்பினார்கள். சம்பளமும் கேட்கவில்லை, வயதும் ஆகவில்லை. எங்கள் ஆசிரியருக்கு இந்த யோசனையை யாரும் சொல்லிவிடாதீர்கள்.

அருவி என்கிறீர்கள். படத்தில் பார்த்தால் அணைக்கட்டு மதகு மாதிரி சிமென்ட் சரிவுதானே இருக்கிறது?
– தென்காசி வாசகர்

குற்றாலத்துக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு கேட்கிறீர்கள், பதில் சொல்லவே கூச்சமாக இருக்கிறது. ஆமாம், சிமென்ட்தான். கொன்ற அருவிக்கு மாவுக்கட்டுப் போட்டு நிறுத்தியிருக்கிறார்கள்.

செயின்ட் ஆன்டனி அருவி என்று பெயர். மேலே கடினமான சுண்ணாம்புக் கல் பாறை, அடியில் கையால் உதிர்க்கக்கூடிய மணற்கல். தண்ணீர் விழுந்து அடியில் அரிக்க அரிக்க மேற்பாறை உடைந்து விழும், அருவி ஒரு அடி பின்னுக்குப் போகும். இப்படியே சுமார் 12,000 வருடமாக செயின்ட் பால் பக்கத்திலிருந்து மெல்ல மெல்ல ஆற்றுக்கு மேலே நடந்து வந்திருக்கிறது. மேற்பாறை முடிகிற இடத்தை அது எட்டியிருந்தால், அருவி வெறும் வழுக்கு நீரோட்டம் ஆகியிருக்கும், மில்லும் இல்லை ஊரும் இல்லை.

இந்த நிலைமையில் அதன் அடியில் ஒருவர் சுரங்கம் வெட்டினார். வில்லியம் ஈஸ்ட்மன். ஆற்றின் நடுவில் இருந்த தன் தீவுக்கும் தண்ணீர் சக்தி வேண்டும் என்று. 1869 அக்டோபரில் ஆற்றுத் தண்ணீர் சுரங்கத்துக்குள் புகுந்துவிட்டது. மேலே சுழல், கீழே குபுகுபுவென்று வெளியேற்றம். ஊர் ஜனம் மொத்தமும் மண், கல், மரம் என்று கையில் கிடைத்ததைக் கொண்டு ஓட்டையை அடைக்க ஓடியது. ஒன்றை அடைத்தால் இன்னொன்று திறக்கும். கடைசியில் ராணுவப் பொறியாளர்கள் வந்து 1874 முதல் 1876 வரை வேலை செய்து, பாறைக்கு அடியில் ஆற்றின் குறுக்கே சுமார் 40 அடி ஆழச் சுவர் எழுப்பினார்கள். 1880இல் அருவியின் முகத்துக்கு மரத்தால் சரிவு. பின்னாளில் அதுவே கான்கிரீட் ஆனது. நீங்கள் படத்தில் பார்த்தது அதுதான்.

மில் வருவதற்கு முன் அந்த இடம் யாருடையது?
– புதுச்சேரி வாசகி

அமெரிக்கப் பூர்வகுடிகளான டகோட்டா மக்களுடையது. அவர்கள் மொழியில் அந்த அருவி ‘ஓவாம்னியோம்னி’, சுழித்துப் புரளும் நீர். 1680இல் லூயி என்னபான் என்ற பாதிரியார் வந்து, தன் காவல் புனிதரான பதுவை அந்தோணியார் பெயரை அதற்குச் சூட்டிவிட்டுப் போனார். அருவிக்குக் கீழே அவர்கள் புனிதமாக நினைத்த சின்னத் தீவு ஒன்று இருந்தது, கழுகுகள் கூடு கட்டுமாம். அதைக் கல்லுக்காக வெட்டி வெட்டியே குறைத்தார்கள், மிச்சத்தை, படகுகளை ஏற்றி இறக்கும் மடைக்காக எடுத்துவிட்டார்கள். 1963இல் முடிந்த அந்த மடையும் 2015இல் மூடப்பட்டது, வெளியூர்க் கெண்டை மீன்கள் ஆற்றுக்கு மேலே ஏறிவிடக் கூடாது என்று. இப்போது மடை ஓரத்து நிலத்தைப் பழையபடி செடியும் கரையுமாக ஆக்க டகோட்டா மக்கள் முன்னின்று வேலை செய்கிறார்கள். பாதுகாக்கப்பட்ட வட்டாரம் என்று பலகை வைக்கும்போது எந்த வருடத்திலிருந்து பாதுகாக்கிறோம் என்பதும் கேள்விதான்.

நீங்கள் பார்த்த, எரிந்துபோன அந்த மில் கட்டடத்தை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டாமல், குட்டிச்சுவரை வைத்துக் காசு பார்ப்பது என்ன நியாயம்?
– சென்னை, பெரம்பூர் வாசகர்

நானும் இதே எண்ணத்தோடுதான் உள்ளே போனேன்.

முதலில் அது குட்டிச்சுவர் ஆன கதை. 1880 முதல் 1930 வரை உலகத்தின் மாவுத் தலைநகரம் அந்த ஊர். அப்புறம் ரயில் கட்டணம் மாறியது. கனடா கோதுமை ஏரி வழியாகக் கப்பலில் பஃபலோ நகரத்துக்கு மலிவாக வந்து சேர்ந்தது. மின்சாரம் வந்தபின் மில் ஓட்ட அருவி ஓரத்தில்தான் இருக்க வேண்டும் என்பதும் இல்லை. 1930இல் பஃபலோ முந்தியது. ஒவ்வொன்றாக மூடினார்கள். வாஷ்பர்ன் ‘ஏ’ 1965இல் நின்றது. மில்களுக்குத் தண்ணீர் கொண்டுவந்த கால்வாயை மண் போட்டு மூடினார்கள். ஊர் ஆற்றுக்கு முதுகைக் காட்டிக்கொண்டது. 1971இல் அந்தக் கரையை வரலாற்று வட்டாரம் என்று பட்டியலில் சேர்த்தார்கள், சேர்த்தாலும் பல வருடம் யாரும் எட்டிப்பார்க்கவில்லை. என்னைக் கேட்டால் அந்த அலட்சியம்தான் பாதி இடத்தைக் காப்பாற்றியது. அந்த நிலத்துக்கு அப்போது விலை இருந்திருந்தால் ஒரு கல் மிஞ்சியிருக்காது.

1991இல் காலி மில் தீப்பிடித்தது. எரிந்த சுவர்களுக்கு இரும்பு முட்டுக் கொடுத்து நிறுத்தி, இடிபாட்டுக்குள்ளேயே மினசோட்டா வரலாற்றுச் சங்கம் அருங்காட்சியகம் அமைத்தது. 2003இல் திறந்தார்கள். சுவரைப் பூசவில்லை, ஜன்னல் ஓட்டைகளை அடைக்கவில்லை. கண்ணாடிக் கட்டடத்தை உள்ளே செருகியிருக்கிறார்கள், அவ்வளவுதான். கூரையில்லாத முற்றத்தில் நின்று மேலே பார்த்தேன். கரி படிந்த கல், வெறும் ஜன்னல், அதற்கு அப்பால் வானம். வாசலில் ஒரு பழைய கல்வெட்டு, 1878இல் உள்ளே இருந்தவர்களில் ஒருவரும் தப்பவில்லை என்று. அதைப் பூசி மெழுகி நாலு ஃபேன் மாட்டி வைத்திருந்தால் எனக்கு அந்த 14 பேர் நினைவு வந்திருக்குமா? வராது.

உள்ளே ஒரு பெரிய சரக்கு லிஃப்டில் பெஞ்சு போட்டு உட்காரவைத்து எட்டு மாடிக்கு மேலும் கீழுமாகக் கொண்டுபோகிறார்கள். ஒவ்வொரு மாடியிலும் கதவு திறக்கும், மெஷின் ஓடும், அங்கே நிஜமாக வேலை பார்த்த பெரியவர்களின் பதிவுசெய்த குரல் பேசும். ஒரு மாடியில் சல்லடை ஆடுகிற சத்தம் வந்தது. பக்கத்தில் இருந்த பேரன், “தாத்தா, எதுக்கு எழுந்திரிக்கிறீங்க?” என்றான். எழுந்தது எனக்கே தெரியாது. பெல்ட் தளர்ந்த சத்தம் அது, போய்ப் பார்க்க வேண்டும் என்று கால் தானாக எழுந்துவிட்டது.

எனக்கு உறுத்தியது வேறு. சுற்றியுள்ள பழைய மில்கள் பல இப்போது அடுக்குமாடி வீடு. கம்பளி நெய்த மில், தானியக் கிடங்கு, எல்லாம். கல் சுவரும் உத்தரமும் தெரிகிற மாதிரி விட்டுவிட்டு நல்ல விலைக்கு விற்கிறார்கள். மாவு மூட்டை தூக்கியவர் பேரன் அங்கே வாடகைக்குக்கூட வர முடியாது என்றாள் மகள். பில்ஸ்பரி ‘ஏ’ மில்லை மட்டும் கலைஞர்களுக்கான வீடுகளாக மாற்றியிருக்கிறார்கள், வருமான வரம்பு வைத்து. அதன் அடியில் இருந்த பழைய நீர்ச் சுரங்கத்திலேயே மின்சாரமும் எடுக்கிறார்கள். அந்தக் கரையில் எனக்கு ரொம்பப் பிடித்த செய்தி அதுதான், தண்ணீருக்கு இன்னும் வேலை இருக்கிறது.

என் மகனும் அந்த ஊரில்தான் இருக்கிறான். டிசம்பரில் போகிறோம். எதை முதலில் பார்ப்பது?
– மதுரை வாசகி

டிசம்பரிலா? முதலில் ஸ்வெட்டர் கடையைப் பாருங்கள் அம்மா. முடிந்தால் பயணத்தை ஜூனுக்குத் தள்ளுங்கள், நான் போனது 2019 ஜூன்.

போனால், காலையில் மில் அருங்காட்சியகம். லிஃப்டில் ஏறும் முன் ஒருமுறை, இறங்கிய பின் ஒருமுறை முற்றத்தில் நில்லுங்கள். உள்ளே சின்ன அடுப்படி ஒன்று வைத்து ரொட்டி சுட்டுக் காட்டுகிறார்கள், வாசனை மாடி வரைக்கும் வரும். கீழே இறங்கி ஆற்றோரப் பூங்காவுக்குப் போனால், மண்ணைத் தோண்டி எடுத்த பழைய மில் அடித்தளங்களும், டர்பைனைச் சுற்றிவிட்ட தண்ணீர் ஆற்றுக்குத் திரும்பிய வளைவு வாய்களும் இருக்கின்றன. எனக்கு அருங்காட்சியகத்தைவிட அந்த வாய்கள்தான் பிடித்தன. தரையடியில் எவ்வளவு தண்ணீர் ஓடியிருக்கிறது என்று அங்கே நின்றால்தான் தெரியும்.

வெயில் தாழ்ந்ததும் கல் வளைவுப் பாலத்துக்குப் போங்கள். 1883இல் ரயிலுக்காகக் கட்டியது, ஜேம்ஸ் ஹில் என்ற ரயில் முதலாளியின் வேலை. 1978இல் ரயில் நின்றது, 1994 முதல் நடக்கிறவர்களுக்கும் சைக்கிளுக்கும். அருவிக்கு நேர் கீழே, ஆற்றின் நடுவில் அது வளைகிற இடத்தில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றால் இரண்டு கரையும் ஒருசேரத் தெரியும். விளக்குப் போடும் நேரம் வரை காத்திருங்கள். மேற்கில் கோல்ட் மெடல் எரியும், கிழக்கில் பில்ஸ்பரி எரியும். டிசம்பர் என்றால் காதை மூடிக்கொள்ளுங்கள், ஆற்றுக் காற்று சும்மா விடாது.